சுதந்திரமும் சமூகமும் சுயவெளிப்பாடும்: சாள்ஸ் ரெய்லரின் அறவியற் சிந்தனை பற்றிய ஒரு மதிப்பீடு

'நான் என்ன செய்யவேண்டும்?' என்னும் வினாவுக்கு விடை காண்பதே அறவியலின் பணி என்னும் கருத்து மேலைத்தேயப் பல்கலைக்கழகங்களில் நீண்ட காலம் நிலவி வந்துள்ளது. கான்றின் வழிவந்தோர் கடமையின் பொதுவிதியைத் தேடினர். பெந்தாம், மில் ஆகியோரின் வழிவந்தோர் செயலின் பயனைக் கணக்கிட்டனர். இவ்விரு சாராரும் தம்முள் முரண்பட்டு வாதிட்டபோதிலும் ஒரு விடயத்தில் உடன்பட்டிருந்தனர். செயல்புரியும் மனிதன் யார், அவன் எத்தகைய சமூகத்தில் உருவானான், எந்த மொழியில் தன்னைத் தனக்கே விளக்கிக்கொள்கிறான் என்பன அறவியலின் எல்லைக்கு அப்பாற்பட்டவை என்பதே அவ்வுடன்பாடு. இந்த உடன்பாட்டைக் கேள்விக்குள்ளாக்கியவர்களுள் கனடிய மெய்யியலாளர் சாள்ஸ் ரெய்லர் முதன்மையானவர். சுதந்திரம், சமூகம், சுயவெளிப்பாடு ஆகிய மூன்றினையும் ஒன்றிலிருந்து ஒன்று பிரித்து விளக்க முடியாது என்பது அவரது சிந்தனையின் மையக் கருத்து.

இக்கருத்தின் வலிமை எது, எல்லை எது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம். ரெய்லரைப் போற்றுவோர் அவரைச் சமூகத்தின் காவலராகக் காண்பர். இடதுசாரி விமர்சகருட் சிலர், வர்க்கத்தை மறந்து பண்பாட்டைப் பேசியவர் என்று அவரை ஒதுக்கிவிடுவர். இவ்விரு நோக்குகளும் போதியன அல்ல.

1

ரெய்லர் 1931ஆம் ஆண்டு மொன்றியல் நகரிற் பிறந்தவர். ஆங்கிலம் பேசும் தந்தைக்கும் பிரெஞ்சு பேசும் தாய்க்கும் மகனாக, இரு மொழிச் சமூகங்கள் ஒன்றையொன்று ஐயத்துடன் நோக்கிய ஒரு மாகாணத்தில் வளர்ந்தார். ஒக்ஸ்போட்டில் ஐசாயா பேர்ளினிடம் பயின்றார். 1956இல் ஹங்கேரிய எழுச்சி நசுக்கப்பட்டதும், அதே ஆண்டில் சூயஸ் கால்வாய் நெருக்கடி ஏற்பட்டதும் பிரித்தானிய இடதுசாரி இளைஞரை ஆழமாகப் பாதித்தன. அச்சூழலில் 1957இல் ஸ்ருவர்ட் ஹோல், ரபேல் சாமுவேல், கேப்ரியல் பியர்சன் ஆகியோருடன் இணைந்து 'யூனிவேர்சிற்றீஸ் அன்ட் லெப்ட் றிவியூ' என்னும் சஞ்சிகையைத் தொடங்கியவர்களுள் ரெய்லரும் ஒருவர். 1960இல் 'நியூ லெப்ட் றிவியூ' தோன்றுவதற்கு அடித்தளமிட்ட இரு சஞ்சிகைகளுள் இதுவும் ஒன்றாகும். நாடு திரும்பிய பின்னர், 1960களில் புதிய சனநாயகக் கட்சியின் சார்பில் நான்கு முறை கனடியப் பாராளுமன்றத் தேர்தலிற் போட்டியிட்டுத் தோல்வியுற்றார். 1965இல் அவரைத் தோற்கடித்தவர், பின்னாளிற் பிரதமரான பியர் ட்ரூடோ ஆவார்.

இவ்விபரங்கள் வெறும் வாழ்க்கைக் குறிப்புகளல்ல. சோவியத் அதிகாரவாதத்தையும் சந்தைத் தனிமனிதவாதத்தையும் ஒருசேர மறுத்த ஒரு தலைமுறையின் தேடலே ரெய்லரின் மெய்யியலிற் கோட்பாட்டு வடிவம் பெற்றது. அவரை வெறுமனே மரபுவாதியாகக் கொள்வோர் இப்பின்னணியைக் கவனத்திற் கொள்வதில்லை.

2

சுதந்திரம் பற்றிய ரெய்லரின் வாதம் அவரது ஆசிரியருடன் அவர் நடத்திய விவாதமாகவே அமைந்தது. 1958 ஒக்ரோபர் 31ஆந் திகதி பேர்ளின் ஒக்ஸ்போட்டில் நிகழ்த்திய பேருரை, சுதந்திரத்தை எதிர்மறைச் சுதந்திரம், நேர்நிலைச் சுதந்திரம் என இரண்டாக வகுத்தது. பிறர் தடை செய்யாதிருத்தல் முன்னையது. தன்னைத் தானே ஆளுதல் பின்னையது. நேர்நிலைச் சுதந்திரம், 'உன் உண்மையான விருப்பம் எதுவென உன்னிலும் நான் நன்கறிவேன்' என்று கூறும் கொடுங்கோலனின் கைக்கருவியாகிவிடும் என்பது பேர்ளினின் எச்சரிக்கை. ஸ்டாலினியத்தைக் கண்ட ஒரு காலத்தில் இவ்வெச்சரிக்கைக்கு இருந்த நியாயத்தை எவரும் மறுத்தல் இயலாது.

1979இல் பேர்ளினைக் கௌரவித்து வெளிவந்த தொகுதியொன்றிலேயே ரெய்லர் தமது மறுப்பினை வெளியிட்டார். அதிற் காணப்படும் உதாரணம் எளிமையானது; ஆனாற் கூர்மையானது. அல்பேனியாவில் 1967இல் மதவழிபாடு முற்றாகத் தடைசெய்யப்பட்டது. ஆனால் இலண்டனில் உள்ள அளவுக்கு வீதிச் சமிக்ஞை விளக்குகள் அங்கு இல்லை. சுதந்திரம் என்பது தடைகளின் எண்ணிக்கை மட்டுமே என்றால், நாள்தோறும் இலட்சக்கணக்கானோரைத் தெருமுனையில் தடுத்து நிறுத்தும் இலண்டனே சுதந்திரங் குறைந்த இடமாதல் வேண்டும். இம்முடிவை எவரும் ஏற்கமாட்டார். ஏன்? மனிதருக்கு எது முக்கியமானது, எது அற்பமானது என்னும் மதிப்பீடு சுதந்திரம் பற்றிய நமது பேச்சில் ஏற்கெனவே அடங்கியுள்ளது. அம்மதிப்பீட்டை நீக்கிவிட்டுச் சுதந்திரத்தை அளக்க முடியாது.

இதிலிருந்து அவர் மேலும் ஓரடி செல்கிறார். தடை வெளியிலிருந்து மட்டுமன்றி உள்ளிருந்தும் வரக்கூடும். கூட்டத்தின் முன் பேச அஞ்சித் தான் விரும்பிய தொழிலையே கைவிடும் ஒருவனை எவரும் தடுக்கவில்லை. ஆயினும் அவன் சுதந்திரமானவன் என்று கூறத் தயங்குவோம். எனவே தனது விருப்பங்களைப் பற்றித் தவறாக எண்ணவும் மனிதனால் இயலும். பேர்ளின் அஞ்சிய கதவை ரெய்லர் திறக்கிறார் என்று இவ்விடத்தில் ஒருவர் கூறலாம். ஆனால் தவறு நிகழக்கூடும் என்பது ஒன்று. அத்தவறைத் திருத்தும் அதிகாரம் அரசுக்கு உண்டென்பது வேறொன்று. முன்னையதிலிருந்து பின்னையது தருக்கரீதியாகப் பெறப்படுவதில்லை. இவ்வேறுபாட்டைத் தெளிவுபடுத்தியமை ரெய்லரின் முதற் பங்களிப்பு எனலாம்.

3

முக்கியமானதையும் அற்பமானதையும் வேறுபடுத்தும் ஆற்றலை ரெய்லர் 'வலுவான மதிப்பீடு' என்பார். பசித்தவன் சோற்றையா பிட்டையா உண்பது எனத் தேர்வது வெறும் விருப்பத் தேர்வு. அச்சத்திற்குப் பணிவதா, துணிந்து நிற்பதா என எண்ணுபவனோ, தான் எத்தகைய மனிதனாக வாழ விரும்புகிறான் என்பதையே எண்ணுகிறான். மனிதனது சுயம் இத்தகைய மதிப்பீடுகளால் ஆனது.

இம்மதிப்பீடுகள் எங்கிருந்து வருகின்றன? மனிதன் தன் தேர்வாலேயே விழுமியங்களைப் படைக்கிறான் என்பது சார்த்தரின் விடை. நோயுற்ற தாயல்ல, தன்னையே வாழ்வின் பற்றுக்கோடாகக் கொண்டிருந்த தாய். அவளுடன் இருப்பதா, நாஸிகளுக்கெதிரான போராட்டத்திற் சேருவதா எனத் தடுமாறிய இளைஞனைச் சார்த்தர் உதாரணமாகக் காட்டினார். ரெய்லர் அவ்வுதாரணத்தையே எடுத்து மறுவாதம் புரிகிறார். தாயின் உரிமையும் தாயகத்தின் உரிமையும் அவ்விளைஞனின் தேர்வுக்கு முன்பே அவன்மீது பற்றுடையனவாய் இருந்தமையாலன்றோ அவன் தடுமாறினான்? விழுமியங்களை அவனே படைத்திருந்தால், ஒன்றை நீக்கிவிடுவதன் மூலம் தடுமாற்றத்தை எளிதிற் தீர்த்திருக்கலாம். தேர்வு விழுமியத்தைப் படைப்பதில்லை; விழுமியம் முன்னிருப்பதனாலேயே தேர்வுக்கு அர்த்தம் உண்டாகிறது.

இவ்வாறு முன்னிருப்பவை மொழியின் ஊடாகவும் பிறருடனான உரையாடலின் ஊடாகவுமே நம்மை வந்தடைகின்றன. 1772இல் மொழியின் தோற்றம் பற்றி ஆய்வுக் கட்டுரை வெளியிட்ட ஜேர்மானியச் சிந்தனையாளர் ஹேர்டரை ரெய்லர் இங்கு துணைக்கொள்வார். மொழி, முன்பே முழுமையடைந்த எண்ணங்களுக்குப் பெயரிடும் கருவி மட்டுமன்று. வெளியிடும் செயலிலேயே எண்ணமும் உணர்வும் வடிவம் பெறுகின்றன. ஒவ்வொரு மனிதனுக்கும் ஒவ்வொரு மக்கட் சமுதாயத்துக்கும் தத்தமக்குரிய அளவுகோல் உண்டு என்னும் ஹேர்டரின் கருத்து, சுயவெளிப்பாட்டை ஒரு அற இலட்சியமாக உயர்த்தியது. 1975இல் வெளிவந்த ஹெகல் பற்றிய பெருநூலில், ஹெகலையும் இளம் மார்க்ஸையும் இம்மரபின் வாரிசுகளாகவே ரெய்லர் விளக்கினார். 1989இல் வெளிவந்த 'சுயத்தின் ஊற்றுக்கள்' இம்மரபின் நெடிய வரலாற்றை அகஸ்தீன் முதல் நவீன கலைஞர் வரை விரித்துரைத்தது.

4

சுயவெளிப்பாடு இன்று விளம்பரக்காரரின் வாசகமாகிவிட்டது. 'நீ நீயாக இரு' என்று கூறியே காலணியும் குளிர்பானமும் விற்கப்படுகின்றன. இதனைக் கண்டு பழைமைவாதிகள் சுயவெளிப்பாட்டையே தன்னலமெனப் பழிப்பர். ரெய்லர் 1991இல் கனடிய வானொலியின் மாசி விரிவுரைகளில் இருசாராரிடமிருந்தும் விலகி நிற்கிறார். சுயத்துக்கு உண்மையாயிருத்தல் மெய்யான இலட்சியமே. ஆனால் அதன் மலினப்பட்ட வடிவம் தன் காலைத் தானே வெட்டிக்கொள்கிறது. வெதுவெதுப்பான சேற்றிற் கால்விரல்களை அசைப்பதே என் வாழ்வின் மிக முக்கியமான செயல் என்று ஒருவர் வெறுமனே தீர்மானித்துவிட முடியாது. அச்சேற்றுக்கு ஏதேனும் புனிதம் உண்டென்பது போன்ற விளக்கமொன்று இருந்தாலன்றி, அக்கூற்றைப் பிறர் மட்டுமன்றி அவரே விளங்கிக்கொள்ளமாட்டார். அர்த்தத்தின் தொடுவானம் ஒன்று பின்னணியில் இருப்பதாலேயே சுயவெளிப்பாடு இயலுகிறது. வரலாறு, இயற்கை, சக மனிதரின் தேவைகள் ஆகியவற்றை நீக்கிவிட்டுச் சுயத்தை மட்டும் வெளிப்படுத்த முனைபவனிடம் வெளிப்படுத்துவதற்கு எதுவும் எஞ்சுவதில்லை.

இதே வாதம் அவரது அரசியற் சிந்தனையிலும் தொடர்கிறது. 1971இல் ஜோன் ரோல்ஸின் நீதிக் கோட்பாடு வெளிவந்தது. 1980களில் மக்கின்ரயர், சாண்டெல், வோல்சர் ஆகியோர் அதற்கெதிராக எழுதிய நூல்களுடன் சேர்த்து ரெய்லரும் 'சமூகவாதி' என முத்திரையிடப்பட்டார். அம்முத்திரை முழுமையாகப் பொருந்துவதன்று. நவீனத்துவம் தோற்றுவிட்டதென மக்கின்ரயரைப் போன்று அவர் கருதவில்லை. உரிமைகளை அவர் மறுக்கவுமில்லை. உரிமைகளைப் பயன்படுத்தும் ஆற்றல் சமூகத்திலேயே வளர்வதால், அச்சமூகத்தைப் பேணும் கடமையும் உரிமைகோருவோனுக்கு உண்டு என்பதே அவரது நிலைப்பாடு.

5

கோட்பாடு நடைமுறையைச் சந்திக்கும் இடம் கியூபெக். 1977இல் அம்மாகாணம் இயற்றிய பிரெஞ்சு மொழிச் சாசனம், பிரெஞ்சு பேசுவோரும் குடியேற்றவாசிகளும் தம் பிள்ளைகளைப் பொதுவாக ஆங்கிலப் பாடசாலைக்கு அனுப்ப இயலாதவாறு செய்தது. பெரிய நிறுவனங்கள் பிரெஞ்சு மொழியில் இயங்கவேண்டுமென விதித்தது. கடைப் பெயர்ப்பலகைகள் பிரெஞ்சில் மட்டுமே இருக்கவேண்டுமென்ற விதியைக் கனடிய உயர்நீதிமன்றம் 1988இற் செல்லாதென்றது. தாராண்மைவாதிகள் இச்சட்டங்களைத் தனிமனித உரிமை மீறல் என்றனர்.

1992இல் வெளிவந்த 'அங்கீகாரத்தின் அரசியல்' என்னும் கட்டுரையில் ரெய்லர் விடை கூறினார். பிறர் நம்மை எவ்வாறு காண்கின்றனர் என்பது நாம் யாராக ஆகிறோம் என்பதைப் பாதிக்கும். இழிவான பிம்பமொன்றைத் தொடர்ந்து பெறும் மக்கள் அதனைத் தம்முள்ளும் ஏற்றுக்கொள்வர். ஆகவே அங்கீகாரம் மனிதருக்குரிய உயிர்த்தேவை. உயிர், பேச்சு, நீதி விசாரணை ஆகிய அடிப்படை உரிமைகளைக் கைவிடாத ஒரு சமூகம், தன் மொழி அடுத்த தலைமுறைக்கும் வாழவேண்டும் என்பதைப் பொது இலக்காகக் கொள்ளலாம். அவ்விலக்கின் பொருட்டு வணிகப் பெயர்ப்பலகையின் மொழி போன்ற சிறிய சலுகைகளை மட்டுப்படுத்தலாம்.

மொழிச் சட்டமொன்று ஒரு சாராருக்கு அங்கீகாரமாகவும் மறுசாராருக்கு அவமதிப்பாகவும் அமையக்கூடும் என்பது, 1956ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டத்தைக் கண்ட இலங்கை வாசகருக்கு விளக்கவேண்டியதன்று. கியூபெக்கின் நிலை வேறு. மாகாணத்திற் பெரும்பான்மையினரான பிரெஞ்சு மொழியினர் நாட்டளவிலும் கண்டத்தளவிலும் சிறுபான்மையினர். ஆயினும் பொதுவான வினா ஒன்று எஞ்சுகிறது. ஒரு சமூகம் தன்னை அங்கீகரிக்குமாறு கோரும்போது, அச்சமூகத்தின் பெயராற் பேசுபவர் யார்?

6

ரெய்லரின் கோட்பாடு தடுமாறுவது இவ்வினாவின் முன்னேயாகும். அவரது நாட்டின் வரலாறே இதற்குச் சான்று தருகிறது.

கியூபெக்கைத் தனித்துவமான சமூகமாக ஏற்கும் மீச் ஏரி உடன்படிக்கை 1987இற் செய்துகொள்ளப்பட்டது. 1990 யூன் மாதத்திற்குள் எல்லா மாகாணங்களும் அதனை அங்கீகரிக்க வேண்டியிருந்தது. மனிற்றோபாச் சட்டமன்றத்தில், கிறீ இனத்தவரான எலைஜா ஹாப்பர், கழுகின் இறகொன்றைக் கையிலேந்தியவாறு தமது இணக்கத்தை மறுத்தார். இரு ஐரோப்பிய மொழிச் சமூகங்களின் ஒப்பந்தத்தில் ஆதிக்குடிகளுக்கு இடமில்லை என்பதே அம்மறுப்பின் பொருள். அதே ஆண்டு கோடையில், மொன்றியலுக்கு அண்மையிலுள்ள ஓக்காவில், மொஹோக் மக்கள் தம் முன்னோரின் புதைநிலத்தை அண்டிய பைன் மரக்காட்டில் கொல்ப் மைதானம் விரிவாக்கப்படுவதை எதிர்த்து 78 நாட்கள் நின்றனர். இறுதியில் இராணுவம் அழைக்கப்பட்டது. அங்கீகாரங் கோரிய சமூகம், தனக்கு அருகிலிருந்த மற்றொரு சமூகத்தை அங்கீகரிக்கத் தவறியது. ரெய்லர் ஆதிக்குடிகளின் கோரிக்கையைப் புறக்கணித்தவரல்லர். எனினும் அங்கீகாரம் என்ற ஒரே சொல், மொழியைக் காக்க விரும்பும் ஒரு மாகாண அரசையும் நிலத்தை இழந்த மக்களையும் ஒரே தட்டில் வைத்துவிடுகிறது. நிலப்பறிப்பு, பிம்பத்தைத் திருத்துவதால் மட்டும் தீர்வதன்று.

இனி, சமூகத்தின் உள்ளே நோக்குவோம். கனடிய இந்தியர் சட்டம், ஆதிக்குடியல்லாதவரை மணக்கும் ஆதிக்குடிப் பெண்ணின் இன அந்தஸ்தைப் பறித்தது. ஆணின் அந்தஸ்தைப் பறிக்கவில்லை. ஜனெற் லவெல் இதனை எதிர்த்துத் தொடுத்த வழக்கில், ஆதிக்குடிகளின் தேசிய அமைப்பே அவருக்கு எதிராக அரசின் பக்கம் நின்றது. 1973இல் உயர்நீதிமன்றம் சட்டத்தை நிலைநிறுத்தியது. பின்னர் மலிசீற் இனத்தவரான சாண்ட்ரா லவ்லேஸ் ஐக்கிய நாடுகளின் மனித உரிமைக் குழுவிடம் முறையிட்டார். மணமுறிவின் பின் தம் மக்கள் வாழும் ரொபீக் நிலத்தில் மீண்டும் வாழ அவருக்கு உரிமையிருக்கவில்லை. தன் குழுவினருடன் கூடித் தன் பண்பாட்டை அனுபவிக்கும் உரிமை அவருக்கு மறுக்கப்பட்டதாக 1981இல் குழு தீர்மானித்தது. 1985இற் சட்டம் திருத்தப்பட்டது.

இவ்வழக்கு, தனிமனிதனா சமூகமா என்னும் பழைய எதிர்நிலையைத் தகர்த்துவிடுகிறது. லவ்லேஸ் சமூகத்திலிருந்து விடுபடும் சுதந்திரத்தைக் கேட்கவில்லை. சமூகத்திற்குட் திரும்பும் சுதந்திரத்தைக் கேட்டார். சமூகம் இன்றிச் சுயவெளிப்பாடு இல்லை என்னும் ரெய்லரின் கூற்றுக்கு இதனினும் சிறந்த சான்று கிடையாது. அதேவேளை, சமூகம் என்பது எல்லாருக்கும் பொதுவான அர்த்தத் தொடுவானம் மட்டுமன்று, உள்ளே யார் வெளியே யார் எனத் தீர்மானிக்கும் அதிகார உறவுமாகும் என்பதற்கும் இதுவே சான்று. முதலாவது உண்மையை விரிவாக எழுதிய ரெய்லர், இரண்டாவதற்குப் போதிய இடமளிக்கவில்லை.

ரெய்லரின் கட்டுரைக்கு விடையிறுத்தோருள் ஹாபர்மாஸ், பண்பாட்டை அழியும் உயிரினம்போற் பாதுகாக்க இயலாது, அதன் உறுப்பினர் அதனை ஆய்ந்து ஏற்கவோ மறுக்கவோ இடமிருத்தல் வேண்டும் என்றார். அப்பையா, அங்கீகரிக்கப்பட்ட அடையாளமே அதனை உடையோருக்குப் புதிய தளையாகக்கூடும் என்று சுட்டினார். 2019இல் கியூபெக் அரசு, ஆசிரியர், பொலிசார் முதலிய அரச பணியாளர் சமயச் சின்னம் அணிவதைத் தடைசெய்தபோது இவ்வெச்சரிக்கை மெய்யாயிற்று. தலையை மறைக்கும் முஸ்லிம் ஆசிரியைகள் இதனாற் பெரிதும் பாதிக்கப்பட்டனர். நீதிபதி, பொலிசார் போன்றோருக்கு மட்டுப்பட்ட தடையொன்றை 2008இல் விதந்துரைத்த ஆணைக்குழுவின் இணைத்தலைவர் ரெய்லரே. 2017இல் அவர் அப்பரிந்துரைக்கான ஆதரவை வெளிப்படையாக விலக்கிக்கொண்டார். 2019ஆம் ஆண்டுச் சட்டத்தையும் எதிர்த்தார். அவரது அறநேர்மை இதனாற் புலனாகும். ஆனால் அந்த எதிர்ப்புக்கு ஆதாரமாக அமைந்தவை, சமூகத்தின் பொது இலக்கு என்னும் கருத்தைவிட, பெரும்பான்மைக்கு எதிராகத் தனிமனிதனைக் காக்கும் தாராண்மை உரிமைகளே என்பது மனங்கொளத்தக்கது.

7

இறுதியாக மார்க்ஸ் பற்றிய ரெய்லரின் மதிப்பீட்டை நோக்குவோம். 1844ஆம் ஆண்டுக் கையெழுத்துப் பிரதிகளில் உழைப்பு மனிதனின் சுயவெளிப்பாடாகக் காணப்படுகிறது. தொழிலாளியின் படைப்பு அவனுக்கு அந்நியமாகி அவனையே எதிர்க்கிறது. இதனை ரெய்லர் நன்கறிவார். எனினும், தளைகள் யாவும் நீங்கிய பின் மனிதன் எதன்பொருட்டு வாழ்வான் என்பதற்கு மார்க்ஸிடம் விடையில்லை, அவர் கூறும் சுதந்திரம் சூழலற்ற வெற்றுச் சுதந்திரம் என்று அவர் குற்றஞ்சாட்டுவார். சோஷலிசத்தைக் கட்டியெழுப்பியதாகக் கூறிய அரசுகளின் வறண்ட அதிகாரவாதத்தை எண்ணும்போது இக்குற்றச்சாட்டை அலட்சியம் செய்தல் தகாது.

ஆயினும் ரெய்லரின் சொந்தச் சித்திரத்தில் உழைப்பின் இடம் மிகச் சுருங்கியுள்ளது. தன்னை வெளிப்படுத்தும் மனிதன் அங்கே பேசுகிறான், பாடுகிறான், எழுதுகிறான், வழிபடுகிறான். பொருள் உற்பத்தி செய்பவனாக அரிதாகவே தோன்றுகிறான். நாள் முழுவதும் பிறருக்காக உழைத்துக் களைத்தவனுக்குச் சுயத்தின் ஊற்றுக்களை நாட எங்கே ஓய்வு? 1995இல் நான்சி பிறேசர், அங்கீகாரத்தின் அரசியல் பங்கீட்டின் அரசியலை இடம்பெயர்த்துவிட்டது என்றும், நீதிக்கு இரண்டும் வேண்டும் என்றும் வாதிட்டமை இவ்வகையிற் பொருத்தமானது.

முற்போக்குச் சிந்தனையாளர் ரெய்லரிடம் கற்கவேண்டியது யாது? பொருளாதாரத் தளைகள் அறுந்துவிட்டாற் பண்பாடு தானே மலரும் என்ற எண்ணம் போதாது. மொழியும் நினைவும் மனிதரின் அணிகலன்கள் அல்ல. அவர்கள் தம்மை அறியும் வழிகள். அவற்றை இழந்தவனின் சுதந்திரம் வெறுமையானது. ஆனால் ஒரு சமூகத்தின் மதிப்பை அதன் தொன்மையால் மட்டும் அளத்தல் கூடாது. அங்கீகாரங் கோரும் ஒவ்வொரு சமூகத்திடமும் இரு வினாக்களை எழுப்புதல் அவசியம். அதன் விளிம்பிலுள்ளோர் அதன் பெயராற் பேசுவோரை எதிர்த்துப் பேச முடிகிறதா? அவ்வாறு பேசுவதற்கு வேண்டிய நிலமும் தொழிலும் ஓய்வும் அவர்களிடம் உண்டா? இவ்விரு வினாக்களுக்கும் ஆம் என விடையளிக்கும் சமூகத்திலேயே சுதந்திரமும் சுயவெளிப்பாடும் ஒன்றையொன்று தாங்கி நிற்கும். அவ்வாறு விடையளிக்க இயலாத சமூகம், தனக்கு மறுக்கப்பட்ட நீதியைத் தன்னுள் இருக்கும் நலிந்தோருக்குத் தானும் மறுத்துக்கொண்டிருக்கும்.